அயன் பலகையில் எழுதியவர்

எங்கள் வீட்டு அயன் பலகையில் நான்கு பள்ளங்கள் இருக்கின்றன. மேலே எத்தனை துணி விரித்தாலும் விரலில் தட்டுப்படும். சட்டைக் காலர் அதற்குள் போய் மடிந்துகொண்டு என் பொறுமையைச் சோதிக்கும். "புதுசு ஒண்டு வாங்கினா என்னப்பா?" என்று கேட்டுக் கேட்டு என் கணவர் களைத்துப்போனார். ஒரு டைப்ரைட்டரின் நான்கு கால்களும் ஆண்டுக்கணக்காக அழுத்திய இடம் அது என்று சொன்னால், அதற்கு ஏன் நாங்கள் கசங்கிய சட்டை போட வேண்டும் என்பார். அவர் கேட்பதிலும் நியாயம் இருக்கிறது.

மெல்பேர்ணுக்கு வந்த புதிதில், வயதானவர்களை வீட்டுக்கே போய்ப் பராமரிக்கும் வேலைதான் எனக்குக் கிடைத்தது. ரோவில் என்ற புறநகரில் நான் போன வீடுகளில் ஒன்று ஓர் ஆங்கிலேயருடையது. இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு லண்டன் ஸ்டூடியோக்களில் திரைக்கதை எழுதப் போனவர், பிறகு கப்பலேறி சிட்னிக்கு வந்து, அங்கேயும் தரிக்காமல் மெல்பேர்ணுக்கு வந்து சேர்ந்தவர். எங்கள் வீட்டில் அவருக்கு வசனகாரர் என்று பெயர். மனிதருக்கு இருப்புக் கொள்ளாது. குசினிக்கும் ஜன்னலுக்கும் இடையில் குட்டி போட்ட பூனை மாதிரி நடந்துகொண்டே இருப்பார். இரத்த அழுத்தம் பார்க்கும் கருவியைத் தூக்கிக்கொண்டு நானும் பின்னால் நடப்பேன். உட்காரச் சொன்னால், உட்கார்ந்தால் வசனம் செத்துப்போகும் என்பார். இளமையில் அவருடைய வாடகை அறையில் மேசை இல்லை. அயன் பலகையில் டைப்ரைட்டரை வைத்து நின்றபடி எழுதிப் பழகியவர், பின்னர் மேசை வாங்க வசதி வந்தும் வாங்கவில்லை. கடல் கடந்து வந்தபோதும் அந்தப் பலகையைக் கூடவே கொண்டுவந்திருந்தார்.

அவருடைய தொழில் ஒரு வினோதமான தொழில். படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போது ஏதாவது ஒரு காட்சி சரிவராமல் எல்லோரும் கையைப் பிசைந்துகொண்டு நிற்பார்கள். அப்போது இவரைக் கூப்பிடுவார்கள். இவர் நடந்து நடந்து எழுதிக் கொடுப்பார். படம் ஓடும், பெயர் வேறொருவருக்குப் போகும். ஒரே ஒரு படத்தில்தான் இவர் பெயர் திரையில் வந்தது. அந்தப் படத்திலும் நடிகர்களும் தயாரிப்பாளரும் கை வைக்காத வசனம் ஒன்றே ஒன்றுதானாம். அதைச் சொல்லும்போது மட்டும் அவர் நடையை நிறுத்துவார். வேலை தேடிப் போகும் மகனிடம் வாசலில் நிற்கும் தாய் சொல்வது: "கதவைப் பூட்டமாட்டேன். வந்து நீயே பூட்டு." கலியாணத்துக்கு முன்பே எழுதியதாம். பிறகு வந்த மனைவி அதைப் படத்தில் கேட்டுவிட்டு, வீட்டை விட்டு இவர் இறங்கும்போதெல்லாம் சொல்லிச் சீண்டுவாராம். "என் வாழ்நாள் உழைப்பு இந்த ஒரு வரிதான்" என்பார். எனக்குப் பாவமாக இருக்கும். கொஞ்சம் எரிச்சலாகவும் இருக்கும், ஏனென்றால் அதைச் சொல்லி முடித்ததும் மறுபடி நடக்கத் தொடங்கிவிடுவார்.

அவருடைய ஒரே மகனுக்கு அப்போதே தலை நரைத்திருந்தது. அப்பாவின் சினிமாக் கதைகளை அவர் நம்புவதில்லை. வீட்டில் தங்காத மனிதர் சொல்லும் சாட்டு என்றே நினைத்திருந்தார். தன்னை வளர்த்தது அம்மாதான் என்று என்னிடமே சொல்லியிருக்கிறார். அந்த அம்மா இறந்து பல காலம். இப்படியிருக்க, ஒரு பிற்பகல் தொலைக்காட்சியில் அந்தப் படம் வரப்போவதாகத் தெரிந்தது. வசனகாரர் மகனுக்கு ஃபோன் பண்ணி வரச் சொன்னார். திரையில் தன் பெயரை ஒரு தடவை மகன் கண்ணால் கண்டுவிட வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. பழைய படங்களில் பெயர்கள் எல்லாம் தொடக்கத்திலேயே ஓடி முடிந்துவிடும். மகனோ நெரிசலில் மாட்டி, பெயர்கள் ஓடி முடிந்த பிறகுதான் வந்து சேர்ந்தார். "வந்ததா?" என்றார். "வந்தது" என்றார் தகப்பன். மகன் சிரித்த சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

ஆனாலும் மகன் உட்கார்ந்து பார்த்தார். அந்த வாசல் காட்சி வந்தது. தாய் அந்த வரியைச் சொன்னதும் அவர் நிமிர்ந்துவிட்டார். "இது அம்மா பேசுவது" என்றார். பள்ளிக்கூடம் போகும்போதும் பிறகு வேலைக்குப் போகும்போதும் அம்மா தனக்கென்றே சொல்லி அனுப்பியது என்றார். தகப்பனைத் திரும்பிப் பார்த்து, "நீங்கள் அம்மாவிடமிருந்து எடுத்ததா?" என்று கேட்டார். தேத்தண்ணீர்க் கோப்பையோடு நான் அப்படியே நின்றேன். அது தான் எழுதிய வரி என்று இப்போதாவது சொல்லிவிடுவார் என்று காத்திருந்தேன். வசனகாரர் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றார். "அவளுடையதுதான். நான் டைப் அடித்தது மட்டும்தான்" என்றார்.

எனக்குக் கோபம் கோபமாக வந்தது. மகன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அப்பாவின் தோளைத் தொட்டு விடைபெற்றுப் போன பிறகு, ஏன் பொய் சொன்னீர்கள் என்று நேராகவே கேட்டேன். "அந்தக் காட்சிக்கு வேறு வசனம் எழுத நேரம் இருக்கவில்லை" என்றுவிட்டு அவர் ஜன்னல் பக்கம் நடந்தார். வசனகாரர் இறந்துபோன பிறகு, வீட்டிலிருந்து ஏதாவது வேண்டுமா என்று மகன் கேட்டார். பலகையைக் கேட்டேன். வேறு நல்ல சாமான் இல்லையா என்று அவர் சிரித்தார். இந்த முறை அந்தச் சிரிப்பில் குத்தல் இருக்கவில்லை.

போன கிழமை என் மகள் சிட்னியில் வேலை ஏற்கப் புறப்பட்டாள். அங்கே டூங்கபி என்ற இடத்தில் அறை எடுத்திருக்கிறாள். அவளுடைய கடைசிச் சட்டையை அந்தப் பள்ளங்களுக்கு மேல் இழுத்துப் பிடித்து அழுத்திக்கொண்டிருந்தேன். பெட்டியோடு அவள் வாசலுக்குப் போனதும் என் வாயில் தானாக வந்தது: "கதவைப் பூட்டமாட்டன். வந்து நீயே பூட்டு."

அவள் திரும்பினாள். "ஸ்கூல் போகேக்கையும் இதைத்தான் சொல்லுவீங்கள். ஃப்ரெண்ட்ஸ் எல்லாருக்கும் சொல்லியிருக்கிறன், மை மம்ஸ் லைன் எண்டு. உங்கட சொந்தம்தானே அம்மா?"

அந்த மனிதரைப் பற்றி அவளுக்கு எல்லாவற்றையும் சொல்ல வேண்டும்போல இருந்தது. வெளியே டாக்ஸிக்காரன் ஹோர்ன் அடித்தான். அவளுடைய கண் கலங்கியிருந்தது.

"ஓம்," என்றேன். "என்ர தான்."

டாக்ஸி போய்விட்டது. அயனை நிறுத்திவிட்டு உட்காரப் பார்த்தேன். முடியவில்லை. குசினிக்கும் ஜன்னலுக்குமாக நடந்துகொண்டிருந்தேன்.