காய் ஸ்டோரில் வெங்காயம்

வெங்காயத்துக்கு விலை ஏறினால் மறு வருசம் எங்கள் பக்கம் ஒருத்தனுக்கும் கண் தெரியாது. கடலை போட்டவன், சோளம் போட்டவன், நிலத்தைச் சும்மா போட்டவன் எல்லாம் சின்ன வெங்காயம் நடுவான். விலை தரையில் விழும். அடுத்த வருசம் ஒருத்தனும் நட மாட்டான். விலை மறுபடி ஏறும். எழுபதுகள் முழுக்க இந்தக் கூத்தைப் பார்த்தேன், எண்பதுகளிலும் பார்த்தேன். தவறாமல் தப்பான வருசத்தில் நட்டவர் ஒருவர் உண்டென்றால் அது தேவாரத்தில் இருந்த என் மச்சான், அக்காவின் வீட்டுக்காரர்.

"ஊரே போடுதுல்ல மாப்ளே, நான் மட்டும் கேனையனா?" என்பார். ஊரே போடுவதுதான் வினை என்று எத்தனை முறை சொல்வது? செவிடன் காதில் ஊதிய சங்கு.

அப்படி ஊரே போட்ட ஒரு வருசம், எண்பதுகளின் தொடக்கம், பிடுங்கிப் போட்ட வெங்காயத்தின் மேல் கார்த்திகை மழை பிடித்துக்கொண்டது. ஈர வெங்காயத்தைப் பட்டறை போட்டுச் சேர்த்து வைக்க முடியாது, அழுகிவிடும். மச்சான் அக்காவையும் கூட்டிக்கொண்டு போடியில் என் வீட்டு வாசலில் வந்து நின்றார். குரங்கணிக்கு மேலே என் தோட்டத்தில் ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோர் இருந்தது. அதன் சாவி வேண்டுமாம்.

"ஒரு கூரை போதும் மாப்ளே. விரிச்சுப் போட்டுட்டு வெரசா அள்ளிட்டு வந்துர்றேன்."

ஸ்டோரின் பக்கத்து அறையில் என் ஏலக்காய், எங்கள் பேச்சில் வெறும் காய், மூட்டை மூட்டையாக ஏலத்துக்குத் தயாராக இருந்தது. எனக்கு மனசே இல்லை. ஆனால் நான் பெண் கொடுத்த வீட்டுக்காரன். கட்டிக்கொண்டவர் வாய்விட்டுக் கேட்கும்போது, அதுவும் அக்கா பக்கத்தில் நிற்கும்போது, இல்லை என்று சொல்கிற வழக்கம் எங்களிடம் கிடையாது. என்ன எழவு வழக்கமோ! கொடுத்தேன்.

சாவி திரும்பி வரவில்லை. ஜீப் பிடித்து மேலே போனேன். கடைசி வளைவிலேயே வாடை வந்தது. மனுசன் வெங்காயத்தைத் தட்டுகளில் பரப்பி, காய்க்கு மூட்டுவதுபோல அடுப்பையும் மூட்டியிருந்தார்! பாதி வதங்கி, பாதி வெந்து, ஸ்டோர் முழுக்கக் குழம்பு தாளித்த அடுப்படி மாதிரி மணந்தது.

"அடப்பாவி மச்சான், யாரைக் கேட்டு அடுப்பு மூட்டுனீங்க?"

"ஏலக்காயே இதுல காயும்போது வெங்காயம் காயாதா? கோவப்படாதே மாப்ளே, வெறகு நான் வாங்கித் தர்றேன்."

விறகாம்! மூட்டையைப் பிரித்துக் காயை அள்ளினேன். பச்சை நிறம் அப்படியே இருந்தது. மூக்கருகே கொண்டுபோனால் வெங்காயம்.

காற்றாட விரித்தோம், புடைத்தோம், கிளறினோம். போகவில்லை. ஏலக்கூடத்தில் மாதிரித் தட்டு வரிசையாகக் கைமாறும். மற்றவர் காயை வியாபாரிகள் நசுக்குவார்கள், மோந்து பார்ப்பார்கள். என் காயை நிறம் பார்த்ததுமே விலை கேட்பார்கள். அந்தப் பெயரை வாங்க எனக்குப் பாதி வயசு போயிருந்தது. அன்று முன்வரிசைப் பெரிய வியாபாரி விலை சொல்ல வாயெடுத்தவர், நிறுத்தி, ஒரு காயை உரித்து மோந்தார்.

"என்னண்ணே, சாம்பாருக்கு வச்சதை மாத்திக் கொண்டாந்துட்டீகளா?"

கூடமே சிரித்தது. கிடைத்த விலைக்குத் தள்ளிவிட்டு எழுந்து வந்தேன்.

மறு வருசம் ஸ்டோரைக் கழுவி, சுண்ணாம்பு அடித்து, தட்டுகளை எல்லாம் புதிதாக மாற்றினேன். காய் மாசுமருவில்லாமல் வந்தது. வெங்காயம் அந்த வருசம் கொள்ளை விலை. மச்சான் நடவில்லை என்பதைச் சொல்லவும் வேண்டுமா? சோலி இல்லாமல் என்னோடு ஏலத்துக்கு வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். என் தட்டு கிளம்பியது. பெரிய வியாபாரி ஒரு காயை உரித்து மோந்தார். அடுத்தவர் மோந்தார். அதற்கடுத்தவரும். கடைசி வரிசை வரை ஒருவர் பாக்கியில்லை.

மச்சான் என் தொடையில் தட்டினார். முகமெல்லாம் சிரிப்பு.

"பாத்தியா மாப்ளே! அம்புட்டுப் பேரும் மோந்து பாத்துட்டாய்ங்க, ஒருத்தனும் வாடைன்னு சொல்லலையே!"