அண்ணன் வாங்கி வந்த காபி

எங்கள் அண்ணன் மறைந்து ஓராண்டு ஆகிறது. இந்த நினைவு மலரில் அவரைப் புகழ்ந்து எழுதச் சொன்னார்கள். தங்கைக்கு அது வராது, நடந்ததை எழுதுகிறேன்.

அண்ணன் பிறந்தது கருங்குழியில். அப்பா சீக்கிரமே போய்விட, அம்மா கறவை மாடு வைத்து அவரைப் படிக்க வைத்தார். பொருளாதாரம் படித்து டில்லியில் அரசாங்க வேலைக்குப் போன அண்ணன், எழுபதுகளின் தொடக்கத்தில் அதை உதறிவிட்டு, நாங்கள் அப்போது குடியிருந்த செங்கல்பட்டுக்கு வந்து நின்றார். "நாட்டின் வருமானத்தைக் கணக்குப் போட்டது போதும். நாடு என்பது எது, நம்முடையது எது என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும்" என்றார். அம்மாவுக்கு மயக்கம் வந்தது.

கட்டுரைகள் எழுதினார், மேடைகளில் பேசினார். மாமல்லபுரம் கடற்கரையில் மீனவர்களிடம் போய், "நம்ம பண்பாடு எதுங்க?" என்று கேட்டார்.

"தள்ளி நில்லு சார், வல இஸ்துகினு கீறோம்" என்றார்கள். அதையும் கட்டுரையில் சேர்த்துக்கொண்டார்.

பிறகு சாப்பாட்டில் கை வைத்தார். மிளகாய், உருளைக்கிழங்கு, தக்காளி, காபி எல்லாம் கப்பலில் வந்தவை என்று வீட்டில் தடை போட்டார். எங்களுக்கு நாக்கே செத்துப்போனது. என்னைப் பெண் பார்க்க வந்த ஒரு வரன், அந்தச் சாப்பாட்டையும் அவர் சொற்பொழிவையும் சேர்த்துத் தாங்க முடியாமல் ஓடியே போனது.

அடுத்து வந்தவர்கள் செய்யூரில் வேர்க்கடலை பயிரிடுபவர்கள். கதவிடுக்கில் மாப்பிள்ளையைப் பார்த்தேன், பிடித்துவிட்டது. இதுவும் கைநழுவிப் போய்விடக் கூடாதே என்று வேண்டிக்கொண்டேன். தட்டில் நான் ஏந்திப் போனது சுக்குக் கஷாயம்.

மாப்பிள்ளையின் அம்மா முகர்ந்து பார்த்தார். "இன்னாம்மா, வூட்ல யாருக்குன்னா ஜுரமா?"

அண்ணன் காபியின் வரலாற்றைத் தொடங்கினார். அதோடு நிறுத்தியிருக்கலாம். வேர்க்கடலையும் நம்முடையதல்ல என்று முடித்தார். மாப்பிள்ளையின் அப்பா துண்டை உதறித் தோளில் போட்டார். "எங்க தாத்தா காலத்துலேர்ந்து அதத்தான் போட்டுகினு கீறோம். எந்திரி, போலாம்" என்றார் மனைவியிடம்.

நான் அழுதுவிட்டேன். அண்ணன் என்னைப் பார்த்தார். "கொஞ்சம் உக்காருங்க, தோ வந்துட்டேன்" என்று தூக்குப் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு எதிர் டீக்கடைக்கு ஓடினார். முந்தின நாள்தான் அந்தக் கடையருகே மைக் வைத்துக் காபியைக் கிழிகிழி என்று கிழித்திருந்தார். கைதட்டியவர்கள் அங்கேயேதான் உட்கார்ந்திருந்தார்கள்.

"இன்னா சார், நேத்து மைக்ல இன்னாமோ சொன்னீங்க?" கடைக்காரர் குரல் எங்கள் கூடம் வரை கேட்டது.

"அத்த அப்பால பேசிக்கலாம்யா. டிகாஷன் தூக்கலா போடு!"

தெருவே சிரித்தது. அத்தனை சிரிப்புக்கும் நடுவே அண்ணன் காபியைச் சிந்தாமல் கொண்டுவந்து, தாமே டம்ளரில் ஊற்றி மாப்பிள்ளையின் அப்பாவிடம் நீட்டினார்.

"அப்போ எங்க வேர்க்கடல?" என்றார் அவர், விடாமல்.

"அது வாழ வந்த பொண்ணுங்க. எங்க பொறந்தா இன்னா, இப்ப அது செய்யூர்க்காரி. என் தங்கச்சியும் நாளைக்கு அப்டித்தான்."

மாப்பிள்ளையின் அம்மா எனக்குப் பூ வைத்தார்.

அந்தப் பதிலை விரித்துத்தான் அண்ணன் புத்தகம் எழுதினார். பேர் வாங்கிக் கொடுத்ததும் அதுவே. கொள்கைக்காக வேலையை விட்டவர் எனக்காகக் கொள்கையையே விட்டார். ஆனால் விளக்குவதை மட்டும் விடவில்லை; கடைசி நாட்களில் கஞ்சி ஊட்டிய நர்சிடம்கூட, ஜவ்வரிசி எந்த நாட்டுக் கிழங்கு என்று விளக்கிக்கொண்டிருந்தார்.

அவரைப் பார்த்துக்கொண்ட மருத்துவர்களுக்கும், எங்களோடு அலைந்த அக்கம்பக்கத்தாருக்கும், தோள் கொடுத்த உறவினர்களுக்கும் நன்றி. டீக்கடைக்காரருக்குத் தனியாக ஒரு நன்றி.

இன்று நினைவு நாளுக்கு வந்த எல்லாரும் இருந்து சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும். மிளகாய், உருளைக்கிழங்கு, காபி எல்லாம் உண்டு. எது எந்தக் கப்பலில் வந்தது என்று சொல்லித் தொல்லை செய்ய அண்ணன் இல்லை. நிம்மதியாகச் சாப்பிடுங்கள். என்னால்தான் முடியவில்லை.