கெட்டிக்காரர்களுக்கான கண்ணாடி அறை

பதினொரு வயதில் நான் சொன்ன பொய்களால்தான் எங்கள் குடும்பத்தில் ஒருவர் ஐஸ் ஹொக்கி வீரரானார் என்று போன குளிர்காலம்வரை நம்பிக்கொண்டிருந்தேன். நாற்பதைத் தாண்டி, நிறையப் புத்தகம் வாசித்து, தலைமயிருக்கு மை பூசத் தொடங்கிய பிறகும் நம்பினேன். ஐஸ் ஹொக்கி பற்றி அன்றைக்கு எனக்கு ஒன்றும் தெரியாது. இன்றைக்கும் பெரிய முன்னேற்றம் இல்லை.

அப்போது தோர்ண்டன் ஹீத்தில் எங்கள் வீடும் பெரியப்பா வீடும் அடுத்தடுத்த தெருக்களில் இருந்தன. ஊரை விட்டு இந்த நாட்டுக்கு வந்து கொஞ்சக் காலமேயான பெரியவர்களுக்கு ஆங்கிலம் வசப்படவில்லை. ஆகவே கவுன்சில், வங்கி, டொக்டர் எங்கு போனாலும் மொழிபெயர்ப்பாளர் நான்தான். தெரியாத சொல் வந்தால் தடுமாற மாட்டேன். தெரிந்த சொல் ஒன்றை அந்த இடத்தில் போட்டுவிடுவேன். ஒருமுறை பெரியப்பாவின் வயிற்றுக்குத்தை டொக்டரிடம் விளக்கினேன். முழங்காலுக்குப் பூசுகிற கிறீம் கிடைத்தது. பெரியப்பா பேசாமல் வாங்கிக்கொண்டு வந்தார். மனிதர் திருப்தியில் பேச்சிழந்துவிட்டார் என்று நினைத்தேன்.

பெரியப்பாவின் மகன், எங்கள் அண்ணா, பள்ளிக்கூடப் பிள்ளைகளோடு ஒருநாள் ஸ்ட்ரெதமில் இருந்த ஐஸ் மைதானத்துக்குப் போனார். உடம்பு மட்டும்தான் வீடு திரும்பியது, மனம் அங்கேயே தங்கிவிட்டது. பதினேழு வயதில் அவர் முன்கள வீரர். கோல் போடுவதுதான் வேலை. வடக்கே ஒரு நகரத்து அணி சம்பளம் தந்து எடுக்கத் தயாராக இருந்தது, தகப்பன் சம்மதித்தால். தகப்பனோ பெற்றோல் ஸ்டேஷனில் இரவு ஷிப்ட் செய்தபடி மகனைக் கணக்காளராகக் கனவு கண்டுகொண்டிருந்தார். பல நாள் சண்டைக்குப் பிறகு கொஞ்சம் இறங்கி வந்தார்.

"ஒரேயொரு மேட்ச் வந்து பாக்கிறன். ஆனா அடிபாடு ஒண்டைக் கண்டன் எண்டா அதோட முடிஞ்சுது. அடிபாடு பாக்கிறதுக்கோ நாங்கள் ஊரை விட்டு ஓடி வந்தனாங்கள்?"

அண்ணா என்னைக் குசினிக்குள் இழுத்துக்கொண்டு போனார். "நீ அப்பாவுக்குப் பக்கத்தில இருந்து விளங்கப்படுத்து. என்ன நடந்தாலும் நல்லதாச் சொல்லு. ப்ளீஸ், தங்கச்சி." என்னை எப்போதும் "குட்டிச்சாத்தான்" என்று கூப்பிடுகிறவர். அன்றுதான் முதன்முதலாகத் தங்கச்சி ஆனேன்.

சனிக்கிழமை பின்னேரம் போனோம். பெரியம்மா சேலைக்கு மேல் பெரியப்பாவின் பழைய ஜக்கெற்றைப் போட்டு, மடியில் மீன் ரோல்ஸ் பொட்டலத்தோடு உட்கார்ந்தார். விசில் ஊதிய கையோடு இரண்டு பெடியன்கள் ஒருவனை மற்றவன் சுவரோடு மோதி நசித்தார்கள்.

"பிள்ளை, உதென்ன?"

"அது ஹலோ சொல்லுறது, பெரியப்பா. ஐஸில நிண்டு கை குடுக்கேலாதுதானே."

"நல்ல வடிவாத்தான் சொல்லுறாங்கள்" என்றார் பெரியப்பா.

கொஞ்ச நேரத்தில், மட்டையால் காலை வாரிய எதிரணிக்காரன் ஒருவனை நடுவர் கொண்டுபோய் ஓரத்தில் இருந்த கண்ணாடிப் பெட்டிக்குள் விட, ஓர் ஆள் கதவைச் சாத்தினார். அங்கே அண்ணாவும் எப்படியும் போவார் என்று என் உள்மனம் சொன்னது. அதனால் முற்கூட்டியே ஏற்பாடு செய்தேன்.

"அது கெட்டிக்காரருக்கு ரெஸ்ட் எடுக்கக் குடுக்கிற ரூம், பெரியப்பா."

பெரியம்மாவின் முகம் வாடிவிட்டது. "அப்ப எங்கட பெடியனுக்கு ஏன் இன்னும் குடுக்கேல்லை?"

அவரின் குறை விரைவில் தீர்ந்தது. ஆட்டம் சமநிலையில் முடியப்போகிற நேரம் ஒருவன் அண்ணாவின் முதுகில் மட்டையால் குத்தினான். அண்ணா கையுறைகளை எறிந்துவிட்டு அவனுக்கு மிகவும் விரிவாக ஹலோ சொன்னார். நடுவருக்கு அண்ணாவின் பங்கு மட்டும்தான் கண்ணில் பட்டது. கண்ணாடி அறை திறந்தது. நான் பெரியப்பாவைப் பார்க்கத் துணியவில்லை.

"குடுத்திட்டாங்கள்!" என்று பெரியம்மா எழும்பினார். நான் பிடிப்பதற்குள் படிகளில் இறங்கி, அந்தப் பெட்டியின் கதவுக்காரரிடம் ரோல்ஸ் பொட்டலத்தை நீட்டி, உள்ளே இருக்கிற பிள்ளைக்குக் கொடுக்கச் சொல்லிச் சைகை காட்டினார். ஐஸ் பக்கக் கதவைப் பார்த்து நின்ற அண்ணா திரும்பியும் பார்க்கவில்லை. கதவுக்காரர் ஒன்றை எடுத்துக் கடித்தார். பிறகு இன்னொன்றையும் எடுத்தார்.

ஒருவர் குறைவாக நின்ற எங்கள் அணி மூச்சைப் பிடித்துக்கொண்டு கோலைக் காத்தது. தண்டனை முடிந்து கதவு திறந்ததும் அண்ணா வில்லிலிருந்து விட்டதுபோல் வெளியே வந்தார். யாரோ அடித்துத் துரத்திய கறுப்பு ரப்பர் வட்டு நேரே அவருடைய மட்டைக்கு வந்தது. முன்னால் கோல்காவலன் மட்டும். அண்ணா இடப்பக்கம் சாய்ந்தார், காவலனும் சாய்ந்தான். வட்டு வலப்பக்கத்தால் வலைக்குள் போய்விட்டது. மைதானமே எழும்பிக் கத்தியது. முழுக்கத் தெரியாத வெள்ளைக்காரி ஒருத்தியை நான் கட்டிப்பிடித்தேன். பெரியப்பா மட்டும் கத்தவில்லை. எழும்பி நின்று, கழுத்து மஃப்ளரை அவிழ்த்து, திரும்பக் கட்டினார்.

முடிந்ததும் வடக்கத்தி அணியின் மனேஜர் வந்து, மகனைத் தங்களோடு அனுப்பச் சம்மதமா என்று கேட்டார். நான் மொழிபெயர்க்க வாய் திறக்குமுன் பெரியப்பா "யெஸ்" என்றார். என் விளக்கங்கள் அவ்வளவு ஆழமாய் வேலை செய்துவிட்டன என்று எடுத்துக்கொண்டேன்.

அதன் பிறகு அண்ணா வடக்கே விளையாடினார், ஜெர்மனியில் விளையாடினார், நாட்டுக்காக விளையாடினார். மூக்கு இரண்டு தரம் உடைந்தது. முன்பல் ஒன்று எந்த ஊர் ஐஸில் கிடக்கிறதோ தெரியாது. எங்கள் பரம்பரைப் பெயரைத் தப்புத்தப்பாக உச்சரித்தபடி ஆயிரக்கணக்கான வெள்ளையர்கள் கோரஸ் பாடினார்கள். போன குளிர்காலம், அவருடைய சட்டை இலக்கத்தை இனி யாருக்கும் கொடுப்பதில்லை என்று அந்தச் சட்டையை அந்த வடக்கத்தி மைதானத்துக் கூரைக்கு ஏற்றினார்கள். பார்த்துக்கொண்டிருந்த எங்கள் எல்லோருக்கும் கண் கலங்கிவிட்டது. அந்தக் கலக்கத்தில்தான் நான் வாயைக் கொடுத்தேன்.

"பெரியப்பா, அண்டைக்கு நான் மட்டும் அப்பிடிச் சொல்லியிருக்காட்டி இதெல்லாம் நடந்திருக்குமோ?"

பெரியப்பா சிப்ஸ் சாப்பிடுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். "விசரே பிள்ளை உனக்கு? நல்லா விளையாடுறவனை ஆராவது உள்ள விட்டு வெளியால நிண்டு கதவைச் சாத்துவினமோ? சண்டை பிடிச்சுப்போட்டுத்தான் உள்ள போறான் எண்டு எனக்கு விளங்கினது. அவனை உந்த விளையாட்டுக்கு விடப்போறேல்லை எண்டுதான் நினைச்சுக்கொண்டிருந்தனான். ஆனா வீட்டில பத்துத்தரம் கூப்பிட்டாலும் எழும்பாதவன், அந்தப் பெட்டிக்குள்ள ஒரு நிமிஷம்கூடக் கதிரையில இருக்கேல்லை. கதவையே பாத்துக்கொண்டு நிண்டான். அதைக் கண்டாப்பிறகு ஏலாதெண்டு எப்பிடிச் சொல்லுறது?"

"அப்ப நான் சொன்னதெல்லாம்?"

"நீ சொன்னதை ஆர் கேட்டது?" என்று பெரியப்பா மீண்டும் சிப்ஸை எடுத்தார். "என்ர வயித்துக்குத்துக்கு முழங்கால் கிறீம் வாங்கித் தந்தவள்தானே நீ."