திறக்காத பிஸ்கட் டின்

சொற்போர் மேடைக்குப் பின்னால், யார் எந்தப் பக்கம் பேசுவது என்று சீட்டெடுக்க ஒரு பிஸ்கட் டின்னைக் குலுக்கினார்கள். அந்த டின் என்னை மெர்லிமாவ் ரப்பர்த் தோட்டத்து வீட்டுக்கும் என் ஏழாம் வயதுக்கும் இழுத்துச் சென்றது.

அப்பாவின் மோட்டார் சைக்கிளை லோரி இடித்துவிட்டது. அம்மா அவரோடு மருத்துவமனையிலேயே தங்கிவிட்டார். அழுதுகொண்டிருந்த என் கையில் அக்கா துருப்பிடித்த டின் ஒன்றைத் திணித்தாள்.

“இதுக்குள்ள உலகக்கல்லு இருக்குடா. அதே நேரத்துல இல்லாமலும் இருக்கு. அதனாலதான் உலகம் ஆடாம நிக்குது. தொறந்து பார்த்தா ரெண்டுல ஒண்ணாயிடும், எல்லாம் சரிஞ்சிடும்.”

குலுக்கிப் பார்த்தேன். “சத்தமே வரல. காலி டின்னுலா.”

“பாதி இல்லாத கல்லு எப்படிடா சத்தம் போடும்? பேசாமப் பிடி.”

காலி என்பது எனக்குத் தெரியும். ஆனாலும் திறக்கவில்லை. உள்ளங்கையெல்லாம் துரு வாசம் ஏற, அப்பா ஊன்றுகோலோடு வாசலுக்கு வரும்வரை மூன்று வாரம் அதைக் காத்தேன்.

இன்று எனக்கு வந்த சீட்டு, நான் நம்பாத பக்கம்.

“நம்பாதத எப்படிலா பேசுவ?” என்று அணித்தோழி கவலைப்பட்டாள்.

“காலி டின்ன வச்சே எங்கப்பாவ வீட்டுக்குக் கொண்டாந்தவன் நான்,” என்று சொல்லி மேடையேறினேன்.