டீக்கடையில் சொன்ன சட்டம்

ஓய்வு பெற்ற அதிகாரிக்கு டீக்கடை பெஞ்சுதான் கடைசி அலுவலகம். கோப்பு கிடையாது, மேலதிகாரி கிடையாது, கேள்விகள் மட்டும் வரும். சிறார்களை அடைத்து வைக்கும் கூர்நோக்கு இல்லங்களில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்ற நான், சொந்த ஊரான அபிராமத்து வெயிலுக்குப் பயந்து மண்டபத்துக்கு அருகே ஒரு கடலோரக் கிராமத்தில் வீடு கட்டிக்கொண்டு வந்தேன். பட்டா மாறுதல், முதியோர் பென்ஷன், வாரிசுச் சான்று என எதைக் கேட்டாலும், எந்த அலுவலகம், எந்த மேசை, அந்த மேசைக்காரர் எப்போது சாப்பிடப் போவார் என்பது வரை சொல்லுவேன். சீக்கிரமே ஊருக்குள் பெயர் வாங்கிவிட்டேன். பெயர் வாங்குவதில் எனக்கு எப்போதும் ஆட்சேபம் இருந்ததில்லை.

ஒரு நாள் காலையில் கருவாட்டு வியாபாரி ஒருவர் கேட்டார். "சார், சின்னப் பயலுக ஏதும் தப்புத்தண்டா பண்ணிட்டா செயில்ல போட்ருவாகளா?"

நான் கிளாஸைக் கீழே வைத்துவிட்டு வகுப்பே எடுத்தேன். பதினெட்டு நிறையாதவனுக்கு விலங்கு போடக் கூடாது, லாக்கப்பில் வைக்கக் கூடாது, சிறை கிடையாது. இளைஞர் நீதிக் குழுமத்தின் முன் நிறுத்த வேண்டும். பெற்றோரிடம் ஜாமீனில் விடுவதுதான் விதி.

"அப்ப ஒண்ணும் பண்ண மாட்டாகன்னு சொல்லுங்க."

"பெரும்பாலும் ஒண்ணும் பண்ண மாட்டாங்க. மிஞ்சிப் போனா கொஞ்ச நாள் இல்லத்துல வச்சிருப்பாங்க. அது ஹாஸ்டல் மாதிரிதான்."

விதிக்கு ஒரு விதிவிலக்கு உண்டு. அதைச் சொல்வதற்குள் டீ ஆறிவிடும் என்று விட்டுவிட்டேன்.

பெஞ்சின் மறுமுனையில் பன் தின்றுகொண்டிருந்தவன் என் பக்கத்து வீட்டுப் பையன். பிளஸ் ஒன் படித்தான். அப்பா கேரளத்துப் படகுகளில் வேலைக்குப் போயிருந்தார். அம்மா கடலில் பாசி எடுப்பவர். எனக்குக் கேன் தண்ணீர் தூக்கி வந்து வைப்பவன் அவன்தான். நான் பேசியதை அவனும் கேட்டான். அன்று அதை நான் கவனிக்கவில்லை.

சில வாரங்களில் அவன் பிடிபட்டான். கடற்கரைச் சாலையில் பைக்கை ஓட்டியவன் குதித்து ஓடிவிட, பின்னால் மூட்டையைக் கட்டிப்பிடித்து உட்கார்ந்திருந்த இவன் சிக்கிக்கொண்டான். மூட்டையில் இருந்தது அவித்துக் காயவைத்த கடல் அட்டை. கடலடி மணலில் அசையாமல் கிடக்கும் அந்தப் பிராணியை எடுப்பதை இங்கே யாரும் திருட்டாக நினைப்பதில்லை. தடை வருவதற்கு முன்பு அவனுடைய தாத்தாக்கள் பட்டப்பகலில் எடுத்து விற்றதுதான்.

"கடல்ல கெடந்தத எடுத்ததுக்கா சார் எம்புள்ளயப் புடிச்சாக? புலியவா அடிச்சுப்புட்டான்?" என்று அவன் அம்மா என் வாசலில் நின்று அழுதார்.

வனவிலங்குச் சட்டத்தில் புலியும் கடல் அட்டையும் ஒரே அட்டவணையில் இருக்கின்றன என்பதை அவரிடம் சொல்லவில்லை. "பயப்படாதம்மா, முதல் நாளே விட்ருவாங்க" என்றேன்.

விடவில்லை. மூட்டையைக் கொடுத்தது யார் என்று கேட்டதற்குப் பையன் வாயே திறக்கவில்லை. வெளியே விட்டால் அதே ஆட்களோடு மறுபடி சேர்ந்துவிடுவான் என்று குழுமம் கருதியது. நான் டீக்கடையில் விட்டுவிட்ட விதிவிலக்கு அதுதான். வேறு மாவட்டத்தில் இருந்த ஓர் இல்லத்துக்கு அவனை அனுப்பினார்கள். நான் வேலை பார்த்த இல்லங்களில் ஒன்று.

அவன் அம்மாவை அழைத்துக்கொண்டு பார்க்கப் போனேன். வாயிற்காவலருக்கு என்னை நினைவிருந்தது, நாற்காலி எல்லாம் போட்டார். அம்மா கொண்டுவந்த பொரித்த மீனை மட்டும் வாங்க மறுத்துவிட்டார்.

"வெளிச் சாப்பாடு உள்ள விடக் கூடாதுல்ல சார். நீங்க போட்ட ரூல்தான், இன்னும் மாத்தல."

குரலில் கிண்டல் இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

உள்ளே சுவருக்குப் புது வண்ணம் அடித்திருந்தார்கள். ஆய்வுக்கு யாரோ வரப்போகிறார்கள் என்று அர்த்தம். பாய்களைவிடப் பையன்கள் அதிகம். குளிக்க ஒரே தொட்டி. சின்னவன் முறை வரும்போது தொட்டியில் அடிமண்தான் இருக்கும். ஒருவனுக்குச் சொறி வந்தால் வாரத்துக்குள் கூடம் முழுக்கப் பரவிவிடும். இவை எல்லாம் எனக்குத் தெரியும். ஒவ்வொரு காலாண்டிலும் 'நிலைமை திருப்திகரம்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவன் நான். கூடத்தில் இரவு முழுக்க விளக்கு எரிய வேண்டும் என்பதும் என் உத்தரவுதான். எவனோ ஒருவன் கூரை ஓட்டைப் பிரித்துத் தப்பப் பார்த்ததற்காக, அதற்கப்புறம் வந்த எல்லாப் பையன்களுக்கும் இருட்டை ரத்து செய்துவிட்டேன்.

பையன் வந்து கைகளை முழங்கால்மேல் வைத்து உட்கார்ந்தான். அம்மா முகத்தைத் தடவியபோதும் கையை எடுக்கவில்லை. பிறகு விரலிடுக்கைச் சொறிந்துகொண்டே என்னைப் பார்த்தான்.

"ஹாஸ்டல் மாதிரின்னு சொன்னீகல்ல சார்."

"மூட்டையக் கொடுத்தது யாருடா?" என்று கேட்டேன்.

"சொல்லிட்டா எங்கம்மா அங்கன குடியிருக்க முடியுமா?" என்றவன் குரலைத் தாழ்த்தினான். "நான் மொதல்ல மாட்டேன்னுதான் சார் சொன்னேன். ஏலே, ஒனக்கு இன்னும் பதினெட்டு ஆகல, ஒண்ணும் பண்ண மாட்டாக, சாரே சொன்னாருல்லன்னாக. நானும்தான அங்கன இருந்து கேட்டேன்."

அம்மா மீன் பாத்திரத்தை மடியில் வைத்துக்கொண்டு எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அவருக்குப் புரிந்ததா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அடுத்த விசாரணையில் நானும் பின்னால் உட்கார்ந்திருந்தேன். குழுமத்தின் நடுவர் பொறுமையான பெண்மணி. யார் கொடுத்தார்கள் என்ற கேள்வியை விட்டுவிட்டு வேறு பக்கமாக வந்தார்.

"பிடிபட்டா ஒண்ணும் ஆகாதுன்னு யாராவது சொன்னாங்களா தம்பி?"

பையன் திரும்பி என்னைப் பார்த்தான். உடனே முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"யாரும் சொல்லல மேடம்."

எழுந்து நின்று நான்தான் என்று சொல்லியிருக்கலாம். எந்தப் பிரிவும் அதைத் தடுக்கவில்லை. டீக்கடையில் அதை என்னிடம் கேட்டுப் போனது யார் என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாம். ஆனால் அப்போது நான் வேறொன்றுக்காக எழ வேண்டியிருந்தது. பையனைக் கண்காணிக்கப் பொறுப்பான ஆள் யாராவது இருக்கிறார்களா என்று நடுவர் கேட்டார். ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர், நன்மதிப்பு உள்ளவர், பக்கத்து வீட்டுக்காரர் என்று வழக்கறிஞர் என்னைக் காட்டினார். நான் உறுதிமொழியில் கையெழுத்துப் போட்டேன். கையெழுத்துப் போடுவது எனக்குப் பழக்கம்தான்.

அன்றே அவன் வீட்டுக்கு வந்துவிட்டான். ஞாயிறுதோறும் மாதா கோயிலில் பூசை முடிந்ததும் என் வீட்டுக்கு வந்து கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுப் போவான். "லைட்ட அணைச்சா எந்திரிச்சு உக்காந்துக்கிறான் சார்" என்று அவன் அம்மா ஒருமுறை சொன்னார். சொன்ன கையோடு விளமீன் குழம்பை நீட்டினார். "நீங்க இல்லாட்டி எம்புள்ள வந்திருப்பானா?" குழம்பு நன்றாக இருந்தது. முழுவதையும் சாப்பிட்டேன். அதைத் திருப்பிக் கொடுக்க என்ன காரணம் சொல்ல முடியும்?

போன வாரம் டீக்கடையில் அதே வியாபாரி பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். எனக்கும் சேர்த்து டீ சொன்னார்.

"சார், இந்தப் பொம்பளப் புள்ளைகளுக்கும் அதே சட்டந்தானா?"

தெரியும். பிரிவு எண், இல்லத்தின் முகவரி, எல்லாமே தெரியும்.

"தெரியாது" என்றேன்.

பெஞ்சு முழுக்கச் சிரித்தது. "சாருக்குத் தெரியாதது ஒண்ணு இருக்காக்கும்!" என்றார் டீ ஆற்றுகிறவர். வியாபாரி சிரிக்கவில்லை. என்னை ஒரு முறை நன்றாகப் பார்த்துவிட்டு, டீயைக் குடித்து முடித்து, எனக்கும் சேர்த்துக் காசு வைத்துவிட்டுப் போனார். வேறு ஆளைக் கேட்டுக்கொள்வார்.

ஞாயிற்றுக்கிழமை பையன் வந்தான். விரலிடுக்கில் புண் ஆறிவிட்டது.

"தெரியாதுன்னு சொல்லிட்டீகளாம்ல சார்."

"ஆமா."

"அன்னைக்கே சொல்லியிருக்கலாம்."

சொல்லிவிட்டு, காலிக் கேனைத் தூக்கிக்கொண்டு தண்ணீர் பிடிக்கப் போனான். அந்த வியாபாரிமேல் புகார் கொடுக்க எந்த அலுவலகத்துக்குப் போக வேண்டும், யாரிடம் நேரில் கொடுத்து ஒப்புகை வாங்க வேண்டும் என்பதெல்லாம் எனக்குத் தெரியும். கொடுத்தால் அவன் அம்மாவுக்கு என்ன ஆகும் என்பது மட்டும் தெரியாது என்று சொல்லிக்கொள்கிறேன். அவன் கேனை நிரப்பித் தோளில் வைத்துக்கொண்டு திரும்பி வந்தபோதும் நான் அதே நாற்காலியில்தான் இருந்தேன்.