வாட்டர் டேங்க் முன்னால் ஒரு போட்டோ

ஒரு வருஷம் சென்னைக்குள் கால் வைக்கக் கூடாது என்று போலீஸ் உத்தரவு போட்டதும், என் தம்பி ஒரே ஒரு பையோடு ஆம்பூருக்கு வந்து என் வீட்டு வாசலில் நின்றான். வேறு எங்கே போவான்? அம்மா இருப்பது சென்னையில். மிச்சம் இருப்பது நான் ஒருத்திதான்.

அவன் மேல் வழக்குகள் இருந்தன, இல்லை என்று சொல்ல மாட்டேன். அடிதடி, மிரட்டல், ஒரு கத்திக்குத்தில் பெயர். எல்லாம் அவன் சேர்ந்த கூட்டத்தால் வந்தது என்பாள் அம்மா. கூட்டமா வந்து இவனைத் தூக்கிக்கொண்டு போனது, இவன்தானே போய்ச் சேர்ந்தான் என்பேன் நான். பிறகு அதிலிருந்து விலகி ஆட்டோ ஓட்டினான். ஆனால் அந்தக் கூட்டத்தில் ஒருவனை எதிர்த் தரப்பு வெட்டிச் சாய்த்ததிலிருந்து, அடுத்தது இவன்தான் என்று தெருவில் ஒரு பேச்சு. அன்றிலிருந்து எனக்குச் சரியான தூக்கம் கிடையாது. வந்த அன்று போலீஸைத் திட்டிக்கொண்டே அவனுக்குச் சோறு போட்டேன். சாப்பிட்டுவிட்டுப் பாயில் குப்புறப் படுத்து அவன் குறட்டை விட்டபோது, அப்பாடா என்றிருந்தது.

என் வீட்டுக்காரர் தோல் பதனிடும் டேனரியில் வேலை செய்கிறவர், அதிகம் பேச மாட்டார். "இருக்கட்டும். வீட்டு ஓனருக்கு மட்டும் விஷயம் தெரிய வேணாம்" என்றார். அதிலிருந்து ஓனர் அம்மா மாடிப்படி இறங்கும் சத்தம் கேட்டாலே அவனை உள்ளே போகச் சொல்லிக் கதவைச் சாத்துவேன்.

எங்கள் பக்கத்து ஸ்டேஷன் போலீஸ்காரர் நல்ல மனிதர். அவன் இங்கேதான் இருக்கிறானா என்று ஒருமுறை வந்து பார்த்துவிட்டு, "தினம் சாயங்காலம் லொகேஷனோட ஒரு போட்டோ அனுப்பிடுங்க. நானும் அலைய வேணாம், நீங்களும் பேஜாராவ வேணாம்" என்றார். தெருமுனை வாட்டர் டேங்க் முன்னால் அவனை நிறுத்தி நான்தான் போட்டோ எடுப்பேன்.

"இளிக்காதடா. போலீஸுக்கு அனுப்பறது."

"மொறைச்சா மட்டும் திருந்திட்டான்னு நம்பிடுவாங்களாக்கா?"

அனுப்பியதும் அவரிடமிருந்து ஒரு கட்டைவிரல் படம் வரும். அது வராவிட்டால் எனக்குச் சோறு இறங்காது.

நான் ஷூ கம்பெனியில் தையல் பிரிவில் இருக்கிறேன். சூப்பர்வைசரிடம் கெஞ்சி அவனைப் பேக்கிங்கில் சேர்த்துவிட்டேன். ஷூவுக்குள் காகிதம் திணித்துப் பெட்டியில் வைக்கிற வேலை. "ஆட்டோ ஓட்டன கைக்கா" என்று முனகினான், ஆனால் ஒருநாளும் மட்டம் போடவில்லை. கம்பெனி பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்து தூங்கி வழியும் அவன் தலையைப் பார்த்துக்கொண்டே வருவேன். எந்த நேரத்தில் எங்கே இருக்கிறான் என்று அவன் பிறந்ததிலிருந்து எனக்கு இவ்வளவு நிச்சயமாகத் தெரிந்ததே இல்லை.

இதற்கிடையில் உத்தரவை எதிர்த்து ஐகோர்ட்டில் மனு போட்டிருந்தோம். வக்கீல் ஒரு சின்ன வயசுப் பெண், போனில் பொறுமையாகப் பேசுவாள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் எனக்குத் தையல் கோணும், சூப்பர்வைசர் கத்துவார். தோற்றால் அவன் மனசு உடைந்துபோவான். ஜெயித்தால் கிளம்பிவிடுவான். எதற்கு வேண்டிக்கொள்வது என்று தெரியாமல், சாமி முன்னால் வெறுமனே நின்றுவிட்டு வருவேன்.

ஒருநாள் அம்மா மயங்கி விழுந்துவிட்டதாகப் பக்கத்து வீட்டிலிருந்து போன் வந்தது. ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார்கள், சர்க்கரை இறங்கியதுதான், பயமில்லை என்றார்கள். அவனிடம் சொன்னேன். தலையை ஆட்டினான். அன்று சாயங்காலம் போட்டோ நேரத்துக்கு அவன் இல்லை. போன் சுவிட்ச் ஆஃப். சென்னைக்கு ரயில் ஏறிவிட்டான் என்று எனக்கு உடனே புரிந்துவிட்டது. தடையை மீறினான் என்று பிடித்தால் ஜெயில். போலீஸ் பிடிக்காமல் அந்த எதிர்த் தரப்பு பிடித்தால்? வாட்டர் டேங்க் முன்னால் போனைப் பிடித்தபடி பைத்தியக்காரி போல நின்றேன். போலீஸ்காரரிடமிருந்து ஒரு கேள்விக்குறி வந்தது. எதையோ தட்டி, அழித்து, மறுபடி தட்டினேன்.

நன்றாக இருட்டிய பிறகு வந்தான்.

"காட்பாடில எறங்கிட்டேன்க்கா. உன் மூஞ்சி ஞாபகம் வந்துச்சு."

ஓங்கி ஓர் அறை விட்டேன். வாங்கிக்கொண்டு, கன்னத்தைத் தடவியபடி டேங்க் முன்னால் போய் நின்றான். இருட்டில் படம் கலங்கலாக வந்தது. கட்டைவிரல் வரும்வரை இருவரும் தெருவிலேயே நின்றோம்.

கடைசியில் ஒரு மத்தியானம், சாப்பாட்டு இடைவேளையில் வக்கீல் கூப்பிட்டாள். "உத்தரவ ரத்து பண்ணிட்டாங்கக்கா. பழைய கேஸ மட்டும் வச்சு ஒருத்தர வீட்ட விட்டே அனுப்ப முடியாதுன்னு சொல்லிட்டாங்க."

பேக்கிங் பிரிவுக்கு ஓடிப்போய்ச் சொன்னேன். கையிலிருந்த காகிதத்தைக் கசக்கி மேலே வீசினான். எனக்கும் சந்தோஷம்தான். நீதிபதி சொன்னது நியாயம். திருந்தி ஆட்டோ ஓட்டுகிறவனை விரட்டினால் அவன் எங்கே போவான்? ஆனால் அங்கே இவனுக்காகக் காத்திருக்கிறவனை எந்தக் கோர்ட்டு கூப்பிட்டு விசாரிக்கும்?

"இங்கியே இருடா" என்றேன் ராத்திரி சாப்பாட்டின்போது.

"அம்மா தனியா கீதுக்கா."

அவன் தட்டில் இன்னொரு கரண்டி சோறு போட்டேன்.

மறுநாள் ரயில் நிலையத்தில் வண்டி வருகிற நேரத்தில் அவன் கையைப் பிடித்தேன். "எனக்கு டெய்லி சாயங்காலம் போட்டோ அனுப்பணும். லொகேஷனோட."

சிரித்தான். "நீயும் போலீஸ் ஸ்டேஷன் வச்சுட்டியா? எத்தினி நாளைக்கு?"

"நான் போதும்னு சொல்ற வரைக்கும்."

அன்று சாயங்காலம் சொன்ன நேரத்துக்குப் போட்டோ வந்தது. எங்கள் பழைய வீட்டு வாசல். அம்மாவின் தோளில் கைபோட்டு நின்றிருந்தான். அம்மா இளைத்திருந்தாள், ஆனால் வாயெல்லாம் பல். "அம்மாவைப் பாரேன், எப்படி இருக்காங்க" என்று வீட்டுக்காரர் எட்டிப் பார்த்துச் சொன்னார். நான் அதற்குள் படத்தைப் பெரிதாக்கி, அவர்கள் இரண்டு பேரையும் ஒதுக்கித் தள்ளிவிட்டுப் பின்னால் போயிருந்தேன். தெருவோரம் ஒரு பைக். அதன் மேல் இரண்டு பேர். முகம் தெரியவில்லை.

"பின்னாடி யார்றா அது?" என்று அனுப்பினேன்.

"எதிர் வூட்டுப் பசங்கக்கா" என்று பதில் வந்தது.

பேர் இன்னா என்று கேட்டேன்.