கடைமடை வீட்டுச் சம்பந்தம்

எங்கள் பக்கத்தில் பெண் கொடுப்பவர்கள் மாப்பிள்ளையின் முகத்தைப் பார்ப்பதற்கு முன்னால் கிணற்றை எட்டிப் பார்ப்பார்கள். தொண்ணூறுகளில் காங்கேயம் பக்கத்தில் எங்கள் கிணறு எட்டிப் பார்க்கும்படி இல்லை. ஆகவே சித்தப்பாவின் கல்யாணம் முழுக்கப் பவானி ஆற்றை நம்பி நின்றது.

பவானி நீலகிரிப் பக்கம் பிறந்து, கேரளத்துக்குள் ஒரு நடை போய்விட்டு, என்ன நினைத்ததோ, நம்மிடமே திரும்பி வந்துவிடுகிற ஆறு. அதை அணையில் நிறுத்தி இரண்டு வழியாக விடுகிறார்கள். ஆற்றோடு போகிற தண்ணீர் சத்தியமங்கலம் பக்கத்து நெல்வயல்களுக்கு. வாய்க்காலில் வருகிற தண்ணீர் மேட்டுக்காடுகளைச் சுற்றி வளைந்து எங்கள் ஊர்வரைக்கும். காடு என்றால் எங்கள் பக்கத்தில் விளைநிலம். நாங்கள் கடைமடை. எல்லாரும் குடித்து மிச்சம் வைத்தால்தான் எங்களுக்கு.

பெண் வீட்டாரோ ஆற்றங்கரைக்காரர்கள், வயலில் ஈரம் காயாதவர்கள். வாய்க்காலில் தண்ணீர் விட்டாயிற்று என்று ரேடியோவில் கேட்டதும் சித்தப்பா மனக்கணக்குப் போட்டு, அது எங்கள் ஊரைத் தொடுகிற அன்றைக்கே வீடு பார்க்க அவர்களை வரச்சொல்லிவிட்டார். காய்ந்து கிடந்த மண்வாய்க்கால் வழியெல்லாம் தானும் குடிக்கும் என்பது அந்தக் கணக்கில் சேரவில்லை.

காலையில் அவர்கள் வந்துவிட்டார்கள். தண்ணீர் வரவில்லை.

அம்மா ஒப்புட்டு வைத்தாள். அப்புறம் பஜ்ஜி, காபி, மறுபடி பஜ்ஜி. பெண்ணின் அப்பா வாய்க்கால் பக்கம் தலையைத் திருப்பும்போதெல்லாம் எங்கள் அப்பா, "இன்னொரு வாய் காப்பி குடிங் மாமா" என்று குறுக்கே விழுந்தார். என்னை வாய்க்கால் பாலத்தில் நிறுத்தியிருந்தார்கள். "தண்ணி தெரிஞ்சதும் ஓடியாந்து சொல்லிப்போடோணும் கண்ணு" என்பது சித்தப்பாவின் உத்தரவு. வெயில் ஏற ஏற எனக்குப் பஜ்ஜி தீர்ந்துவிடுமோ என்ற கவலை. இருக்கிற நிலவரத்தையாவது சொல்லிவிட்டு ஒன்று எடுத்துக்கொள்ளலாமே என்று ஓடிவந்து, எல்லாருக்கும் நடுவில் நின்று கத்தினேன்:

"சித்தப்பா, தண்ணி இன்னும் வரவே இல்லீங்!"

சித்தப்பா விட்டத்தில் எதையோ தேட ஆரம்பித்தார். பெண்ணின் அப்பா இடிச்சிரிப்புச் சிரித்தார்.

"ஓகோ, இதுக்குத்தான் இத்தனை பஜ்ஜியா? வா அம்மணி, நாமளே போயிப் பாக்கலாம்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு கிளம்பினார்.

எல்லாரும் பின்னால் வந்தார்கள். அவர் வறண்ட வாய்க்காலுக்குள் இறங்கி, ஒரு மண்கட்டியை எடுத்து நசுக்கினார். சிரிப்பு போய்விட்டிருந்தது.

"இதை நம்பி எப்படீங் எம்புள்ளயக் குடுக்கறது?"

சித்தப்பா சொன்னார்: "மண்ணு நல்ல மண்ணுதானுங். தண்ணிய உங்காளுக உடோணுமுல்லீங்."

அப்பா அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார். வாய்க்காலைத் திறந்தால் தங்கள் வயலுக்குக் குறையும் என்று ஆற்றுக்காரர்கள் சண்டை பிடிப்பதும், அதில் முன்னால் நிற்கிறவர் பெண்ணின் அப்பாதான் என்பதும் பெரியவர்களுக்கெல்லாம் தெரிந்த சங்கதி. சம்பந்தம் அத்தோடு முடிந்தது என்றே எல்லாரும் நின்றார்கள்.

அப்போதுதான் சருகு நகர்கிற மாதிரி ஒரு சத்தம். வளைவைத் தாண்டி, நுரையையும் வைக்கோலையும் ஒரு பழைய செருப்பையும் தள்ளிக்கொண்டு, செம்மண் நிறத்தில் தண்ணீர் மெல்ல வந்தது.

"மேல ஏறுங் மாமா!" என்று அப்பா கத்தினார். அவர் ஏறவில்லை. தண்ணீர் அவர் பாதத்தைச் சுற்றிக்கொண்டு எங்கள் காட்டுப் பக்கம் போனது. அது போகிற திசையையே வெகுநேரம் பார்த்தார்.

"இதை உடப்புடாதுன்னுதான் போன வருசம் நான் அந்தக் கத்துக் கத்துனேன்" என்றார், தனக்கே சொல்லிக்கொள்வதுபோல. பிறகு சித்தப்பாவை நிமிர்ந்து பார்த்தார். "போவுட்டும் மாப்ள. தண்ணி இனி எம்புள்ள காட்டுக்குத்தான போவுது."

அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். சித்தப்பா செருப்போடு தண்ணீரில் குதித்தார். எனக்கு மட்டும் பொறுக்கவில்லை. அந்தத் தண்ணீர் போவது எங்கள் காட்டுக்கு. சித்தப்பா கட்டிக்கொள்ளப்போகிற அந்த அக்காவுக்கு எங்கள் ஊரில் ஒரு சென்ட் நிலம்கூடக் கிடையாது. விவரமான மனுஷர் இப்படித் தப்பாகச் சொல்கிறாரே என்று, திருத்துவதற்கு வாயைத் திறந்தேன். அப்பா பொத்திவிட்டார்.